என் அடுப்படியில் போட்ட கோடு

ஸ்டோக் பெல்லம்காரர்களைக் கேட்டால் கோஸ்னி என்று தனியாக ஓர் ஊரே கிடையாது, அது தங்கள் ஊரின் சேற்றுப் பக்கம் என்பார்கள். எங்களைக் கேட்டால் ஸ்டோக் பெல்லம் என்பது ஒரு சந்தை, ஒரு ரயில் நிலையம், மிச்சமெல்லாம் திமிர். இரண்டுக்கும் நடுவே ஓர் ஆறு, அதன் மேல் ஒரு பாலம். பாலத்தின் இந்தப் பக்கம், கோஸ்னியின் கடைசி வீடு என்னுடையது. என் பெயர் கெசாயா மீக்கர். ஆப்பிள் பிழிந்து மது போட்டு விற்கிறேன், பெருவாத்து வளர்க்கிறேன். பெரிய யுத்தத்துக்குப் போன புருஷன் திரும்பி வரவில்லை. அதற்குப் பிறகு என் வயிற்றைக் காப்பாற்றியது வாத்துகள்தான். ஆப்பிள் மதுவெல்லாம் ஊரார் வந்து உட்கார்ந்து வம்பளப்பதற்கு ஒரு சாக்கு.

கோஸ்னி என்றாலே வாத்துத் தீவுதான். பழைய பாஷையில் முன்பாதி வாத்து, பின்பாதி தீவு. முன்பு இருந்த பாதிரியார் மெத்தப் படித்தவர். அது வாத்தே இல்லை, ஆயிரம் வருஷத்துக்கு முன்னால் கோஸா என்று ஒருவன் இங்கே வந்து குடியேறினான், ஊர் அவன் பெயரில்தான் இருக்கிறது என்று பிரசங்க மேடையிலிருந்தே அறிவித்தார். நாங்கள் மரியாதையாகக் கேட்டுக்கொண்டோம். வெளியே வந்ததும் சைலஸ் ஹெம்ப்ரோ, அந்தக் கோஸா இந்தச் சேற்றில் வாத்து வளர்க்காமல் வேறு எதை வளர்த்திருப்பான் என்று கேட்டார். அதோடு அந்த ஆராய்ச்சி முடிந்தது.

தீவு என்பதில் யாருக்கும் சந்தேகம் இல்லை. நவம்பர் போனால் நாலு பக்கமும் தண்ணீர். சர்ச்சும் எங்கள் வீடுகளும் இருக்கிற மேடு மட்டும் தலையைத் தூக்கிக்கொண்டு நிற்கும். தண்ணீர் வடிந்ததும் சுற்றியுள்ள சதுப்பு முழுக்கப் புல் எழும்பும். அதை நாங்கள் வெளி என்று சொல்வோம். வெளி யாருக்கும் சொந்தமில்லை, ஊருக்குச் சொந்தம். யார் வீட்டு அடுப்பு கோஸ்னி எல்லைக்குள் எரிகிறதோ, அவர்களுடைய வளர்ப்பு உயிர்கள் கோஸ்னி வெளியில் மேயலாம். இதுதான் சட்டம். நிலம் வைத்திருக்கிறாயா, எத்தனை தலைமுறை, யார் பிள்ளை என்று எதுவும் கேட்க மாட்டோம். அடுப்பு எங்கே என்று மட்டும் கேட்போம்.

ஸ்டோக் பெல்லத்தில் ஊராட்சி மன்றம் உண்டு, நாற்காலிகள் உண்டு, தலைவர் கழுத்தில் ஒரு சங்கிலிகூட உண்டு. எங்களுக்கு மன்றம் கிடையாது. மன்றம் வைக்கிற அளவுக்குத் தலைகள் இல்லை என்பதால் சட்டப்படி ஊரே மன்றம். வருஷத்தில் ஒரு சாயங்காலம் ஓட்டுள்ள எல்லோரும் கூடுவோம், சண்டை போடுவோம், கையைத் தூக்குவோம், முடிந்தது. கூட்டம் எப்போதும் என் அடுப்படியில்தான். சர்ச்சில் வைத்துக்கொள்ளலாம், ஆனால் அங்கே வாயைத் திறந்து நாலு வார்த்தை தாராளமாகப் பேச முடியாது. வாயைக் கட்டிக்கொண்டு ஊர்க்காரியம் பேசுகிற பழக்கம் எங்கள் ஆட்களுக்கு இல்லை.

இன்னொரு பழக்கமும் இருக்கிறது. கோஸ்னி காரியத்தைக் கோஸ்னிக்கு வெளியே பேச மாட்டோம். எங்கள் கொள்ளுத்தாத்தாக்கள் காலத்தில் இரண்டு பேர் வாய்க்கால் விஷயமாகப் பேசுவதற்கு ஸ்டோக் பெல்லம் போனார்கள். அங்கே நல்ல விருந்து வைத்தார்கள். திரும்பி வரும்போது மேய்ச்சல் வெளியில் பாதியை எழுதிக் கொடுத்துவிட்டுப் பாட்டுப் பாடிக்கொண்டு வந்தார்கள். அன்றிலிருந்து இந்தக் கட்டு. ஊருக்குள்ளே எவ்வளவு வேண்டுமானாலும் கத்து, பாலம் தாண்டினால் வாயை மூடு.

இந்தக் கட்டுதான் எங்களைக் கவிழ்த்தது. போன இலையுதிர் காலத்தில் ஜில்லா கவுன்சில் ஊர் எல்லைகளையெல்லாம் ஒழுங்குபடுத்தப் போவதாகவும், ஆட்சேபம் உள்ளவர்கள் ஸ்டோக் பெல்லம் மன்றத்துக்கு வந்து சொல்லலாம் என்றும் சர்ச் கதவில் அறிவிப்பு ஒட்டினார்கள். எல்லோரும் படித்தோம். ஸ்டோக் பெல்லத்தில் வந்து பேசு என்றதுமே எல்லோருக்கும் மூக்கின் மேல் கோபம் வந்தது. எங்கள் எல்லையைப் பற்றி அவர்கள் ஊர் நாற்காலியில் உட்கார்ந்து பேசுவதா என்று ஒருவரும் போகவில்லை. போகாததைப் பெரிய வீரமாக என் அடுப்படியில் உட்கார்ந்து கொண்டாடினோம். கோஸ்னியிலிருந்து ஆட்சேபம் ஏதுமில்லை என்று ஜில்லாக்காரர்கள் எழுதிக்கொண்டார்கள். அவர்களையும் குறை சொல்ல முடியாது. வெள்ளத்தில் போன மாடு திரும்பி வராதது போலப் போன வாய்ப்பும் வரவில்லை.

மார்ச் மாதம் பிம் என்கிற சர்வேயர் அளக்கிற சங்கிலி, சிவப்பு முளைகள், இரண்டு ஆட்களோடு வந்தார். மரியாதையான மனுஷர்தான். பூட்ஸைத் துடைத்துவிட்டு உள்ளே வந்தார். ஆறு வளைந்து வளைந்து போவதால் எல்லையும் வளைகிறது, அதனால் நிர்வாகத்துக்குச் சிரமம், ஆகவே தண்ணீர் இறைக்கிற எந்திரக் கொட்டகையின் புகைபோக்கியிலிருந்து சாலையின் மைல்கல் வரைக்கும் நேராக ஒரு கோடு போட்டிருக்கிறார்கள் என்றார். கோடு போட்டவர்கள் படத்தின் மேல் அளவுகோலை வைத்துப் போட்டிருக்கிறார்கள். நடுவில் ஒரு வீடு இருப்பது அளவுகோலுக்குத் தெரியுமா? அந்தக் கோடு என் வீட்டை ரொட்டியை அறுப்பது போல அறுத்துக்கொண்டு போயிற்று.

"அடுப்படி அந்தப் பக்கம் போயிருச்சும்மா. படுக்கையறை மட்டும் இந்தப் பக்கம்" என்றார் பிம்.

"அப்ப நான் தூங்குறப்ப கோஸ்னி, முழிச்சா ஸ்டோக் பெல்லமா?"

"அப்படியில்ல. வாசல் எந்தப் பக்கமோ வீடு முழுக்க அந்தப் பக்கம்னு கணக்கு. நீங்க இனிமே ஸ்டோக் பெல்லம்."

இதில் வருத்தப்பட ஒன்றுமில்லை என்று வேறு சொன்னார். அங்கே தெருவிளக்கு உண்டாம். கோஸ்னியெல்லாம் பழங்காலத்துப் பெயர், வாய்க்கால் வெட்டித் தண்ணீரை வடித்த பிறகு இது இனிமேல் தீவும் இல்லையாம்.

"ஜனவரியில வந்து பாருங்க ஐயா. வரும்போது படகை நீங்களே கொண்டாந்துருங்க" என்றேன். அவர் சிரித்தார். நான் சிரிக்கவில்லை. அவர் ஆட்கள் சுவருக்கு வெளியே முளையடிக்கிற சத்தம் என் மண்டைக்குள் கேட்டது.

அன்று சாயங்காலமே ஊர் முழுக்கத் தெரிந்துவிட்டது. எல்லோரும் வந்து ஜில்லாவைத் திட்டினார்கள். திட்டாமல் இருந்தது ஒருவர், அம்ப்ரோஸ் ட்ராட். ஊரிலேயே அதிக மாடு அவருடையது. வாத்தின் எச்சம் பட்ட புல்லை மாடு மோந்துகூடப் பார்க்காது என்று பத்து வருஷமாக என்னோடு மல்லுக்கு நிற்பவர். நெடுநாளாகவே அவருக்கு என் வாத்துகள் கண்ணில் விழுந்த தூசி. கெட்டவர் என்று சொல்ல மாட்டேன். முந்தின வருஷ வெள்ளத்தில் நல்ல கறவைகளாகப் பார்த்துப் போயின, மிஞ்சியவற்றுக்கு வைக்கோலும் தீர்ந்துபோயிருந்தது. புல்லைத் தவிர வேறு நினைப்பு அவருக்கு இல்லை. அந்த வருஷம் மேய்ச்சல் வெளிக்குக் காவலும் அவர் முறை. காவல் வேலை வீடு வீடாகச் சுற்றி வரும். யார் காவலோ அவரிடம்தான் வெளிக் கதவின் சாவி இருக்கும்.

அம்ப்ரோஸ் தொப்பியைக் கையில் வைத்துக்கொண்டு, கோபமே இல்லாமல் சொன்னார். அடுப்பு எல்லைக்குள் இருக்க வேண்டும் என்பது ஜில்லா போட்ட சட்டம் இல்லை, நாம் போட்டது. ஸ்டோக் பெல்லம்காரன் ஒருவன் மாட்டை ஓட்டி வந்தால் என்ன சொல்லித் துரத்துகிறோமோ, அதையே கெசாயாவுக்கும் சொல்ல வேண்டும். ஆளுக்கு ஒரு நியாயம் கிடையாது. சொல்லிவிட்டு என் மதுவை ஒரே மடக்கில் குடித்தார்.

அவர் பேச்சில் ஓட்டை கண்டுபிடிக்க முடியாததுதான் எனக்கு எரிச்சல். வெளி இல்லாமல் வாத்து இல்லை. குஞ்சுகளைத் தீனி போட்டு வளர்க்க எனக்கு வக்கில்லை. கோடை முழுக்கப் புல்லில் மேய்ந்து கொழுத்தால்தான் செப்டம்பர் கடைசியில் மைக்கேல்மஸ் பண்டிகைக்கு பிரிஸ்டல் வியாபாரிகள் வாங்குவார்கள். வாத்து போனால் வீட்டைப் பூட்டிக்கொண்டு யார் வீட்டிலாவது பாத்திரம் கழுவப் போக வேண்டியதுதான். இந்த வயதில் அது எனக்குப் பயமாக இருந்தது. பயம் என்று வெளியே சொல்லாமல் எல்லோரையும் ஏசிக்கொண்டு திரிந்தேன்.

வழி சொன்னது தர்ஸா. என் அடுத்த வீட்டுக்காரி, சின்ன வயதிலிருந்து சிநேகிதி. அவள் புருஷன் கொத்துவேலை செய்கிறவன்.

"ஏண்டி இப்படிக் குதிக்கிற? படுக்கையறைப் பக்கம் ஒரு அடுப்பைக் கட்டிட்டா தீந்துச்சு. கல்லு இருக்கு, ஆளு இருக்கு. கட்டிலைத் தூக்கி அடுப்படியில போடு. ஸ்டோக் பெல்லத்துல தூங்கிட்டு கோஸ்னியில சமை."

கேட்பதற்கு நன்றாகத்தான் இருந்தது. சைலஸ் ஹெம்ப்ரோ சுண்ணாம்பு தருவதாகச் சொன்னார். அம்ப்ரோஸ்கூட, அடுப்பு இந்தப் பக்கம் வந்துவிட்டால் தனக்குப் பேச ஒன்றுமில்லை என்று ஒத்துக்கொண்டார். தர்ஸாவின் புருஷன் வந்து சுவரைத் தட்டிப் பார்த்து, புகைபோக்கிக்கு இடம் பார்த்து, கரிக்கட்டையால் அடையாளமும் போட்டுவிட்டுப் போனான்.

அந்த அடையாளத்தைப் பார்க்கப் பார்க்க எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. ஜில்லாக்காரன் வெளியே முளையடித்தான். இப்போது எனக்கு வேண்டியவர்களே வீட்டுக்குள் வந்து கோடு போடுகிறார்கள். நான் அடுப்பை நகர்த்தினால், அந்தக் கோடு சரிதான் என்று என் கையாலேயே கட்டிக் கொடுத்தது போல ஆகும். இந்த அடுப்பு என் மாமியார் வருவதற்கு முன்பிருந்தே இங்கே எரிகிறது. என்னைக் கேட்காமல் வந்த கோட்டுக்கு என் அடுப்பு ஏன் எழுந்து வழிவிட வேண்டும்? ஈரத்துணியை எடுத்துக் கரி அடையாளத்தைத் துடைத்தேன். அடுப்பு இருக்கிற இடத்தில்தான் இருக்கும் என்று தர்ஸாவிடம் சொல்லிவிட்டேன். உனக்கு மண்டைக்கனம் என்றாள். ஆமாம் என்றேன். அவள் இரண்டு நாள் என்னோடு பேசவில்லை.

ஏப்ரல் முதல் தேதி ஜில்லாவின் உத்தரவு நடைமுறைக்கு வந்தது. ஊர்க்கூட்டம் அந்த மாதக் கடைசியில் வழக்கம்போல என் அடுப்படியில் கூடியது. வேறு எங்கே கூடுவது என்று யாருக்கும் தோன்றவே இல்லை. பெஞ்சுகளில் இடம் போதாமல் சிலர் சுவரோரம் நின்றார்கள். சைலஸ்தான் தலைவர். பயிரானாலும் சட்டப் புத்தகமானாலும் ஒரே நிதானத்தில் பார்ப்பவர். வாய்க்காலைத் தூர்வாருவது, சர்ச் வேலி, பாலத்தடியில் குப்பை கொட்டும் ஸ்டோக் பெல்லம்காரர்களை என்ன செய்வது என்று ஒவ்வொன்றாக முடிந்தது. நான் எல்லோருக்கும் மது ஊற்றிக்கொண்டிருந்தேன்.

அம்ப்ரோஸ் எழுந்தார். மே மாதம் வெளி திறக்கும்போது விதவை மீக்கரின் வாத்துகளை உள்ளே விடக்கூடாது என்று ஊர் முடிவு செய்ய வேண்டும் என்றார். முகத்தைப் பார்த்துச் சொல்லவில்லை, கூரையைப் பார்த்துச் சொன்னார். நான் ஜாடியை மேஜையில் வைத்துவிட்டுப் பதில் சொல்ல வாயெடுத்தேன். சைலஸ் கையைக் காட்டித் தடுத்தார்.

"கெசாயா, நீ பேசக்கூடாது. ஓட்டு லிஸ்ட்ல உன் பேரு ஸ்டோக் பெல்லத்துக்குப் போயிருச்சு. எனக்கும் பிடிக்கலதான். ஆனா வெளியூர்க்காரங்க நம்ம கூட்டத்துல பேச முடியாது."

வெளியூர்க்காரி. என் வீட்டு பெஞ்சில் உட்கார்ந்து, என் கோப்பையைக் கையில் வைத்துக்கொண்டு என்னைப் பார்த்து வெளியூர்க்காரி என்றார். எனக்குக் கண் கலங்கிவிட்டது. அதை யாரும் பார்த்துவிடக் கூடாதென்று திரும்பி அடுப்புக்கு விறகு தள்ளினேன். விறகு பிடித்து எரிகிற வரைக்கும் குனிந்தே இருந்தேன். நெருப்பைப் பார்த்துக்கொண்டிருந்தபோதுதான் எனக்கு அது உறைத்தது. அதுவரைக்கும் எங்களில் ஒருவருக்கும், எனக்கும்கூட, அது தோன்றவில்லை. முளை வெளியே சுவரோரம் நிற்கிறது. நாங்கள் எல்லோரும் அதன் அந்தப் பக்கம் உட்கார்ந்திருக்கிறோம்.

நிமிர்ந்து, கூட்டத்தில் பேசவில்லை, வீட்டுக்காரியாக ஒன்றே ஒன்று கேட்கலாமா என்றேன். வீட்டுக்காரி கேட்கக்கூடாது என்று சட்டத்தில் இல்லை என்றார் சைலஸ்.

"இப்ப நீங்க எல்லாரும் எந்த ஊர்ல உக்காந்திருக்கீங்க?"

அம்ப்ரோஸ் உடனே கோஸ்னியில்தான் என்றார். சொன்ன பிறகுதான் அவர் வாய் அப்படியே நின்றது.

"கோஸ்னின்னா என் அடுப்பும் கோஸ்னி. வாத்து உள்ள வரும். இல்ல, இது ஸ்டோக் பெல்லம்தான்னு சொன்னீங்கன்னா, கோஸ்னி காரியத்த வெளியூர்ல உக்காந்து இவ்வளவு நேரமா பேசிக்கிட்டிருக்கீங்க. குடிச்சுட்டு வேற பேசுறீங்க. ரெண்டுல எதுன்னு முடிவு பண்ணுங்க. நான் பேசல, நான் வெளியூர்க்காரி."

சாப்பாட்டு மேஜையில் பாம்பைக் கண்டது போல எல்லோரும் தங்கள் கோப்பைகளைப் பார்த்தார்கள். சுவரோரம் நின்ற ஒருவர் அனிச்சையாகப் படுக்கையறைப் பக்கம் இரண்டு எட்டு நகர்ந்தார். தர்ஸா முதலில் சிரித்தாள். அவள் சிரித்ததும் பாதிப் பேருக்கு அடக்க முடியவில்லை. அம்ப்ரோஸ் சிரிக்கவில்லை. அப்படியானால் எல்லோரும் எழுந்து தன் களஞ்சியத்துக்கு வரட்டும், அங்கே வைத்து முடிவு செய்வோம் என்றார். கூட்டத்தின் இடத்தை மாற்ற வேண்டுமென்றால் கூட்டம்தான் கைதூக்க வேண்டும், கையை எந்த ஊரில் தூக்குவது என்று கேட்டார் சைலஸ். கிண்டலாகக் கேட்கவில்லை, உண்மையாகவே குழம்பிப்போய்க் கேட்டார். கடைசியில் தொப்பியை எடுத்துத் தலையில் வைத்துக்கொண்டு, இன்று இங்கே கூட்டமே நடக்கவில்லை, சில நண்பர்கள் மது குடித்தார்கள் என்று தீர்ப்புச் சொன்னார்.

"சிரிங்க, நல்லா சிரிங்க. கூட்டம் நடக்கலன்னா காவல்காரன் முடிவுதான். சாவி எங்கிட்ட இருக்கு" என்றார் அம்ப்ரோஸ்.

அதுவும் சரிதான். ஊர் முடிவு சொல்லாத இடத்தில் காவல் வைத்ததே சட்டம். நான் ஜெயித்தேன் என்று தர்ஸா என் தோளில் தட்டினாள். எதில் ஜெயித்தேன்? வாயால் ஜெயித்தேன். வாத்துக்குப் புல் வேண்டும். இன்னும் சில நாள் இருக்கிறது, புருஷனை வரச் சொல்கிறேன், சின்னதாக ஒரு அடுப்பு, யாருக்கும் தெரிய வேண்டாம் என்று அவள் போகும்போது மறுபடியும் காதில் சொன்னாள். முடியாது என்றேன். அந்த வாரம் முழுக்க வாத்துகளைப் பார்க்கும்போதெல்லாம், என் பிடிவாதத்துக்கு இந்த வாயில்லா ஜீவன்கள் பட்டினி கிடக்க வேண்டுமா என்று நெஞ்சை அறுத்தது. ஆனாலும் சுண்ணாம்புக்கு ஆள் அனுப்பவில்லை.

வெளி திறக்கிற நாள் நல்ல வெயில். அன்றைக்குக் கோஸ்னியில் ஒருவரும் வீட்டில் இருக்க மாட்டார்கள். மாடு, ஆடு, கழுதை, வாத்து என்று அவரவர் உயிர்களோடு கதவடியில் வந்து நிற்பார்கள். உள்ளே போவதற்கு ஒரு வரிசை உண்டு. எல்லையோரத்து வீடுதான் முதல். வெள்ளம் முதலில் ஏறுவது அந்த வீட்டில் என்பதால் புல்லும் முதலில் அவர்களுக்கு. அதற்கு அடுத்த வீடு இரண்டாவது. அப்படியே மேட்டின் மேல் ஏறி வரும். காவல்காரர் ஒவ்வொரு வீட்டின் பெயரையும் உரக்கக் கூப்பிட வேண்டும். கூப்பிட்ட பிறகுதான் ஓட்டலாம். காவல்காரருடைய உயிர்கள் எல்லோருக்கும் கடைசியில் போகும். நல்ல புல்லைத் தனக்கென்று திருடாமல் இருக்க அப்படி வைத்தார்கள் போலிருக்கிறது.

பாலத்து வீடு என்றுதான் என் வீட்டை முதலில் கூப்பிடுவார்கள். நான் வாத்துகளை ஓட்டிக்கொண்டு போய் எப்போதும் நிற்கிற இடத்தில், கதவுக்கு முன்னால் நின்றேன். அம்ப்ரோஸ் சாவியைப் பூட்டில் போட்டுத் திறந்து, கதவைப் பிடித்துக்கொண்டு என் தலைக்கு மேலாகப் பார்த்தார். பிறகு தர்ஸாவின் வீட்டைக் கூப்பிட்டார்.

தர்ஸாவிடம் இரண்டு பசுக்கள், ஒரு கன்று. மூன்றும் பச்சையைப் பார்த்துவிட்டுக் கயிற்றை இழுத்தன. அவள் கயிற்றைக் கையில் இன்னொரு சுற்றுச் சுற்றிக்கொண்டாள்.

"நான் ரெண்டாவதுல்ல? முதல் வீட்டக் கூப்பிடு" என்றாள்.

அம்ப்ரோஸ் அடுத்த வீட்டைக் கூப்பிட்டார். தங்களுடையது மூன்றாவது, முறை வரட்டும் என்றார்கள். அதற்கடுத்து சைலஸ் ஹெம்ப்ரோ. என்னை வெளியூர்க்காரி என்ற அதே சைலஸ். இருபது ஆட்டையும் ஒரு நாயையும் வைத்துக்கொண்டு நின்றிருந்தார். தன் முறையை விட்டு முன்னால் போனால் அது வழக்கத்துக்கு விரோதம் என்று அதே நிதானத்தில் சொல்லிவிட்டுச் சுங்கானுக்குப் புகையிலை அடைக்க ஆரம்பித்தார். இப்படிச் செய்வோம் என்று யாரும் முன்கூட்டிப் பேசி வைக்கவில்லை. பேசியிருந்தால் நிச்சயம் சண்டை வந்திருக்கும். எனக்குப் பின்னால் திரும்பிப் பார்க்கத் தைரியம் வரவில்லை. மாடுகள் கத்துகிற சத்தம் மட்டும் கூடிக்கொண்டே போயிற்று.

குளிர்காலம் முழுக்கக் காய்ந்த வைக்கோலையே தின்றவை. கதவு திறந்து கிடக்கிறது, பத்தடி தூரத்தில் முழங்கால் உயரத்துக்குப் புல், காற்றில் அதன் வாசனை. ஒருவரும் அசையவில்லை. வரிசையின் கடைசியில் அம்ப்ரோஸின் மாடுகள் நின்றன. விலா எலும்பு ஒவ்வொன்றாகத் தெரிந்தது. அதில் ஒன்று தலையை உயர்த்தி நீளமாகக் கத்தியது. அவர் அந்தப் பக்கம் பார்த்தார். அவர் முகம் போன போக்கைப் பார்த்து எனக்கே பாவமாக இருந்தது. பாவப்பட்டேன், ஆனால் நகரவில்லை.

அவர் கதவை இன்னும் அகலமாகத் தள்ளிவிட்டு ஓரமாக ஒதுங்கினார். போ என்பது போலத் தலையை ஆட்டினார். வாத்துகள் கழுத்தை நீட்டின. நான் கோலைக் குறுக்கே பிடித்து நிறுத்தினேன்.

"கூப்பிடு" என்றேன்.

"அதான் தொறந்தாச்சே. ஓட்டிட்டுப் போயேன்."

"திருட்டுத்தனமா நுழையறதுக்கு நான் வரல. பேரச் சொல்லிக் கூப்பிடு, வரேன். இல்லன்னா சாயங்காலம் வரைக்கும் இங்கேயே நிக்கிறேன். எனக்கு வேற வேலை இல்ல."

பின்னால் யாரோ இருமினார்கள். அம்ப்ரோஸ் தொப்பியைக் கழற்றினார், நெற்றியைத் துடைத்தார், மறுபடி போட்டுக்கொண்டார். அவர் என்னை நேராகப் பார்த்தது இந்த இரண்டு மாதத்தில் அப்போதுதான்.

"பாலத்து வீடு" என்றார். குரல் எழும்பவில்லை. தொண்டையைச் செருமிக்கொண்டு, கடைசியில் நிற்பவருக்கும் கேட்கும்படி இன்னொரு முறை கூப்பிட்டார். "கோஸ்னி, பாலத்து வீடு."

கோலை எடுத்தேன். வாத்துகள் அவர் காலைச் சுற்றிக்கொண்டு, இறக்கையை அடித்துக்கொண்டு, ஊரையே திட்டுவது போலக் கத்திக்கொண்டு உள்ளே ஓடின. நான் அவற்றுக்குப் பின்னால் நடந்தேன், ஓடவில்லை.